முதல் வாய்க் கஞ்சி

"யாரு காட்டிக்குடுத்தது? பேரை மட்டும் சொல்லுங்க, சாமி."

ஒச்சப்பன் அரிவாளைக் கீழே வைக்கவில்லை. தோளில் ஈட்டிக் காயம் கசிந்துகொண்டிருந்தது.

அவனுக்குச் சிலம்பம் சொல்லிக்கொடுத்த சுனைப் பண்டாரம், குகை வாசலில் கஞ்சி கிளறிக்கொண்டிருந்தார்.

ஏழு வருஷம் பாளையக்காரரின் தூக்கத்தைக் கெடுத்தவன் ஒச்சப்பன். ஆறு களஞ்சியங்களை உடைத்து, பசித்த ஊர்களுக்கு நெல்லை வாரி இறைத்தவன். அவன் பின்னால் நாற்பத்தொரு பேர் இருந்தார்கள்.

நேற்று மத்தியானம்வரை இருந்தார்கள்.

"அத்தனை பேரையும் என் கண்ணு முன்னாலயே வெட்டிச் சாய்ச்சானுங்க. சொன்னவன் குடலை உருவாம விடமாட்டேன்!"

"எங்கே வளைச்சாங்க?"

"இருளப்பன் தோப்புல. நம்ம இருளப்பன்தான். முதல் களஞ்சியம் உடைச்சப்போ ஏணி பிடிச்சவன்."

பண்டாரம் ஒரு சட்டியில் கஞ்சி ஊற்றி அவன் முன் வைத்தார்.

"குடி. அப்புறம் கத்து."

ஒச்சப்பன் சட்டியை அவர் பக்கமே தள்ளினான்.

"நீங்க முதல் வாய் குடிங்க."

பண்டாரம் நிமிர்ந்து பார்த்தார்.

"முறைக்காதீங்க சாமி. மூணு வருஷமா இதுதான் வழக்கம். எந்த வீட்டுச் சோறானாலும் அந்த வீட்டாளு ஒருத்தர் தின்னு காட்டணும். அப்புறந்தான் தொடுவேன்."

"நேத்து யாரு தின்னு காட்டினது?"

"இருளப்பன் மக. அஞ்சு வயசு. வாயைத் திறக்கமாட்டேன்னுச்சு. கன்னத்தைப் பிடிச்சு அழுத்தி ஊட்டினேன்."

"இருளப்பன்?"

"பார்த்துக்கிட்டே நின்னான். அழுத பிள்ளையைத் தோள்ல போட்டுக்கிட்டு வெளியே போனான். திரும்பி வரவே..."

ஒச்சப்பனின் கண் சிவந்தது. துள்ளி எழுந்தான்.

"அவனா! அந்த நாயா!"

"உன் அப்பன் என்ன வேலை பார்த்தான்?"

"இப்போ அதுக்கென்ன?"

"சொல்லுடா!"

மலையே அதிர்ந்தது. பண்டாரம் இப்படிக் கத்தி அவன் கேட்டதில்லை.

"அரண்மனையில..." ஒச்சப்பன் மறுபடி உட்கார்ந்தான். "பாளையக்காரர் சாப்பிடறதுக்கு முன்னால முதல் வாய் தின்னு காட்டுற வேலை."

"எப்படிச் செத்தான்?"

"அந்தச் சோத்துலதான். ஒருநாள் விஷம் இருந்துச்சு. அன்னைக்குத்தான் நான் அரிவாள் எடுத்தேன்."

பண்டாரம் சட்டியை எடுத்தார். ஒரு வாய் குடித்தார். விழுங்கினார். வாயைத் துடைத்துக்கொண்டு, சட்டியை இரண்டு கைகளாலும் ஏந்தி, முதுகை வளைத்து அவன் முன் நீட்டினார்.

"விஷம் இல்லை, எசமான். சாப்பிடலாம்."