மாலக்கியின் முகத்துக்குப் பின்னால்

மழை சொல்லிக்கொள்ளாமல் வந்து சொல்லிக்கொள்ளாமல் போகிற நாடு அயர்லாந்து. அதன் மேற்குக் கரையில் கில்டரா என்றொரு சிற்றூர் இருப்பதாக வைத்துக்கொள்வோம். அங்கே டெர்வ்லா என்று ஒரு பெண். மரம், நீர், பறவை என்று பேசுகிற கட்சிக்காரி. எங்கே போனாலும் சைக்கிள்தான். ஊர்மன்றத் தேர்தலில் இரண்டு முறை நின்று தோற்றவள். முதல் முறை, அவள் வீட்டாராவது அவளுக்கு ஓட்டுப் போட்டார்களா என்று ஊரே சந்தேகப்பட்டது. கூட்டத்தைக் கண்டால் அவளுக்கு வாய் குழறும். ஆனாலும் மூன்றாம் முறையும் நின்றாள். ஊர்க்கோடியில் நாணலும் நாரையுமாக இருந்த சதுப்பு நிலத்தை மூடி வண்டி நிறுத்துமிடம் கட்ட, மன்றத்தில் பாதிப் பேர் துடித்துக்கொண்டிருந்தார்கள். அதைத் தடுக்க வேண்டும் அவளுக்கு.

எதிர்த்து நின்றவர் மாலக்கி. பெரிய உடம்பு, அதைவிடப் பெரிய சிரிப்பு. கடைத்தெருவில் கறிக்கடை வைத்திருந்தார். அன்றன்றைய விலையைத் தண்ணீரில் கரைத்த வெள்ளைச் சாயத்தால் கடைக் கண்ணாடியில் தன் கையாலேயே எழுதுவார். வண்டி நிறுத்துமிடம் வந்தால் அவர் கடைக்குக் கூட்டம் கூடும். “சைக்கிள்காரிக்கு ஓட்டுப் போட்டீங்கன்னா கறி வாங்க நீந்தித்தான் வரணும்” என்று வாடிக்கையாளர்களைச் சிரிக்க வைத்துக்கொண்டிருந்தார்.

அந்த நாட்டில் தேர்தல் வந்துவிட்டால் கம்பத்துக்குக் கம்பம் வேட்பாளர் முகம் போட்ட பிளாஸ்டிக் பலகைகள் ஏறிவிடும். வாக்குப்பதிவு முடிந்து ஒரு வாரத்துக்குள் இறக்கிவிட வேண்டும் என்பது சட்டம். கில்டராவில் யாரும் அதைச் சட்டை செய்ததில்லை. போன தேர்தலின் முகங்கள் அடுத்த தேர்தல் வரை வெளிறிப்போய்ச் சிரித்துக்கொண்டிருக்கும். டெர்வ்லா ஒரு பலகைகூட வைக்கவில்லை. கடைசிக் கூட்டத்தில் பேசும்போது, எழுதி வைத்திராத ஒன்று படபடப்பில் அவள் வாயில் வந்துவிட்டது. “நான் ஜெயிச்சா, கெடு முடிஞ்ச பிறகு இந்த ஊர்ல ஒரு தேர்தல் பலகை தொங்கினாலும் மன்றத்துக்குள்ள காலெடுத்து வைக்க மாட்டேன்.”

ஊர் கைதட்டியது. அவள் மயிரிழையில் ஜெயித்தாள். மாலக்கி தோற்றார்.

பலகைகள் மளமளவென்று இறங்கின. மாலக்கியும் முணுமுணுத்துக்கொண்டே தன்னுடையவற்றைக் கழற்றினார். மன்றத்துக்கு எதிரே நாற்சந்திக் கம்பத்தில் உயரத்தில் இருந்த ஒன்று மட்டும் மிஞ்சியது. அதுவும் அவர் முகம்தான். மன்ற ஊழியர் ஃபின்பார் ஏணி போட்டு ஏறினார். ஏறிய வேகத்தில் இறங்கினார்.

“மேல குடித்தனம் இருக்கு” என்றார்.

பலகைக்கும் கம்பத்துக்கும் நடுவிலிருந்த இடுக்கில் ராபின் என்கிற சின்னக் குருவி ஒன்று கூடு கட்டி அடைகாத்துக்கொண்டிருந்தது. அடைகாக்கும் கூட்டைக் கலைப்பது அங்கே குற்றம். ஃபின்பார் கம்பத்தைச் சுற்றித் தடுப்பு வைத்துக் காவல் நின்றார். பலகையை இறக்கச் சொல்லி மேலதிகாரி எத்தனை முறை ஆளனுப்பியும் நகரவில்லை.

பறவைக்காரியைப் பறவையே மாட்டிவிட்டதென்று ஊர் சிரித்தது. சதுப்பு நிலத்துக்கான வாக்கெடுப்பு முதல் கூட்டத்திலேயே வந்தது. டெர்வ்லா உள்ளே போனால் ஒரே வாக்கில் சதுப்பு பிழைக்கும். போகாவிட்டால் லாரிகள் மண்ணோடு வந்து நிற்கும். ஒரு குருவிக்காகச் சொல் தவறினால் யார் குறை சொல்லப்போகிறார்கள் என்று கட்சிக்காரர்கள் கெஞ்சினார்கள். சொன்ன சொல்லை முதல் நாளே வசதிக்கு வளைத்தால், பிறகு மன்றத்தில் நான் பேசுவதை யார் நம்புவார்கள் என்று அவள் கேட்டாள்.

கூட்டத்தன்று மாலை அந்தக் கம்பத்தின் பக்கம் தலையைத் திருப்பாமலே சைக்கிளில் வந்து இறங்கினாள். மன்றப் படியில் நின்றபடி, தன்னால் உள்ளே வர முடியாது என்று தலைவரிடம் தெரிவித்தாள். அப்போது பின்னாலிருந்து மாலக்கி வந்தார். கையில் வாளி; முழங்கை வரை வெள்ளை.

“ஏன் பொண்ணே, வாசல்லயே நிக்கற?”

“உங்க பலகை தொங்குதே, மாலக்கி.”

“பலகைதான் தொங்குது. அது தேர்தல் பலகையா? அதுல முகம் இருக்கா, பேர் இருக்கா? பார்த்துட்டுச் சொல்லு.”

திரும்பிப் பார்த்தாள். அந்தப் பெரிய சிரிப்பைக் காணோம். பலகை முழுக்கத் தும்பைப்பூ வெள்ளை. எண்ணெய்ப் பெயின்டின் வாடை பறவைக்கு ஆகாது என்பதால் கடைச் சாயத்தையே கொண்டுவந்து, தாய் இரை தேடப் போன நேரமாகப் பார்த்து, ஃபின்பார் ஏணியைப் பிடித்துக்கொள்ளப் பூசியிருந்தார்.

“நான் உள்ள போனா உங்க வண்டி நிறுத்துமிடம் போயிடும்.”

“தெரியும். என் மனசு மாறறதுக்குள்ள போய்த் தொலை.”

போனாள். அன்று வாய் குழறவில்லை. சதுப்பு பிழைத்தது.

கூட்டம் முடிவதற்குள் மழை பிடித்துக்கொண்டது. தண்ணீர்ச் சாயம் எவ்வளவு நேரம் நிற்கும்? முதலில் காதுகள் வந்தன, பிறகு மூக்கு, கடைசியாகச் சிரிப்பு. மறுநாள் காலையில் மாலக்கி மறுபடி ஏணி ஏறினார். மறுபடி மழை. மறுபடி ஏணி. “இன்னிக்கு மூக்கு தெரியுதுங்க” என்று சொல்லிவிட்டுத்தான் ஜனங்கள் கறியே வாங்கினார்கள். குஞ்சுகள் பறக்கும்வரை இது நடந்தது. அதுவரை மன்றம் இன்னொரு முறை கூடவில்லை.

குஞ்சுகள் பறந்த பிறகு ஃபின்பார் பலகையைக் கூட்டோடு பத்திரமாக இறக்கினார். அதை யார் வீட்டில் வைப்பது என்று மதுக்கடையில் வாக்குவாதம் மூண்டது. வேலை போனாலும் போகட்டும் என்று காவல் நின்ற ஃபின்பாருக்கு என்றார்கள் சிலர். சொல்லுக்காகப் பதவியையே விடத் துணிந்த டெர்வ்லாவுக்கு என்றார்கள் சிலர். தன் முகத்தைத் தானே அழித்த மாலக்கிக்கு என்றார்கள் மற்றவர்கள்.

வாசகரே, நீங்கள் சொல்லுங்கள். அந்தப் பலகை யாருக்குச் சேர வேண்டும்?

விடை: ஃபின்பார் துணிச்சல்காரர்தான், ஆனால் சட்டம் அவர் பக்கம் இருந்தது. டெர்வ்லா தன் சொல்லுக்குத் தானே கட்டுப்பட்டாள். ஆனால் அதற்கான விலையைக் கொடுக்கவிருந்தது சதுப்பு நிலம். மாலக்கியை எந்தச் சொல்லும் கட்டவில்லை, எந்தச் சட்டமும் கட்டவில்லை. சும்மா இருந்திருந்தாலே அவர் நினைத்தது நடந்திருக்கும். முதல் நாள் பூசியதை ஒரு வேகத்தில் செய்தது என்றுகூடச் சொல்லலாம். வாக்கெடுப்பு முடிந்து, மன்றமும் கூடாத நாட்களில், எதிராளியின் சொல்லைத் தன் சொல்லாக எண்ணி ஒவ்வொரு மழைக்கும் ஏணி ஏறினாரே, அங்கேதான் பலகை அவருடையதாயிற்று. டெர்வ்லாவே சைக்கிளில் கட்டிக்கொண்டுபோய் அதை அவர் கடையில் கொடுத்தாள். அடுத்த தேர்தலில் வெள்ளை பூசிய அந்தப் பலகையையே மாட்டப்போகிறாராம். உங்களை எப்படி அடையாளம் தெரியும் என்று கேட்டால், “மழை வரட்டும்” என்கிறார்.