வாசலில் வம்சம் சொன்னவன்

நெல்வயலின் பெரிய வரப்புக்குள் வயல் எலிகள் கூட்டமாய் வாழ்ந்தன. வளையின் வாசல் எப்போதும் மண்ணால் அடைத்தே இருக்கும். வருகிறவர் தம் பாட்டன் பெயரையும் உறவுமுறையையும் சொன்னால்தான் மண் விலகும். வாசலைக் காத்தவன் செவியன் என்ற எலி.

ஓர் அடைமழை நாளில் வெளியே குரல் கேட்டது.

"சித்தப்பா, திறங்க! நான் மேட்டு வரப்புக் கூழையன் மகன். தாத்தா பேர் நெட்டைவாலன். பொரியாத்தா எனக்கு அத்தை!"

"நம்ம பிள்ளை!" என்று எலிகள் துள்ளின.

செவியனின் மீசை துடித்தது. கூழையன் இரை தேடப் போய்த் திரும்பாதவன். நெட்டைவாலனும் அப்படித்தான், பொரியாத்தாளும் அப்படித்தான். வளைக்குள் படுத்துச் செத்தவர் ஒருவர் பெயர்கூட வரவில்லையே!

"உங்க அத்தை எப்படி இருக்கா?"

"பாவம், கடைசி மூச்சு வரைக்கும் உங்க பேரையெல்லாம் சொல்லி அழுதாங்க!"

"யார்கிட்ட அழுதா?"

"குளிருது, சித்தப்பா! முதல்ல திறங்க!"

செவியனின் மனைவி உமித்தாய் சீறினாள். "சொந்தத்தைச் சந்தேகப்படுறதே உங்களுக்குப் பிழைப்பு! பிள்ளை நனையுறான், திறங்க!"

செவியனுக்கு உறுத்தியது. நிஜமாகவே நனைகிற பிள்ளையாக இருந்துவிட்டால்? மண்ணில் சிறு துளை மட்டும் போட்டான்.

"தம்பி, முன்னங்காலை நீட்டு!"

"கால் மரத்துப்போச்சு, சித்தப்பா!"

"மரத்த காலையே நீட்டு!"

பிளந்த நாக்கு ஒன்று துளைக்குள் நுழைந்து துழாவியது. உமித்தாய் அலறிக்கொண்டே மண்ணை அள்ளி அடைத்தாள். சாரைப்பாம்பு சரசரவென்று விலகிப் போயிற்று. அதன் வாயில் சிக்கியவர்கள், வாசலில் சொல்வதுபோலவே, "நான் இன்னார் பிள்ளை" என்று சொல்லிக் கெஞ்சியிருந்தார்கள். அப்படித்தான் பாம்பு அந்தப் பெயர்களைக் கற்றுக்கொண்டிருந்தது.

பொழுது சாயும்போது ஒரு சின்னப் பெண்ணின் குரல் கேட்டது. "உள்ளே விடுங்க!"

"நீ யார் மகள்?"

"தெரியாது. பேரெல்லாம் சொல்லித் தர்றதுக்குள்ள அம்மாவைப் பாம்பு பிடிச்சிருச்சு."

"பாட்டன் பேர் தெரியாதவளா? விரட்டு!" என்றது கூட்டம்.

செவியன் தயங்கினான். பிறகு துளையை மறுபடி திறந்து, காலை நீட்டச் சொன்னான். நடுங்கும் சின்னக் கால் ஒன்று உள்ளே நீண்டது. அவன் மண்ணை விலக்கி அவளை இழுத்துக்கொண்டான்.

"கேட்டுக்கோ. உன் சித்தப்பன் பேர் செவியன்!"

வம்சத்தின் பெயர்களை ஒப்பிப்பவரை எல்லாம் உறவென்று நம்பவும் கூடாது, அவற்றை அறியாதவரை அந்நியர் என்று விரட்டவும் கூடாது.