சம்பந்திக்கு ஒரு சீமை நிழல்

ஆமாங்குடிக்காரர்களிடம் ஒரு நல்ல குணம் உண்டு. எதையும் அரைகுறையாக விட மாட்டார்கள். கெடுப்பதாக இருந்தாலும் முழுக்கக் கெடுத்துவிட்டுத்தான் கை கழுவுவார்கள். அந்த ஊரில் உலகநாதன் நிதானஸ்தர் என்று பெயர் வாங்கியவர். கிணற்றில் விழுந்த வாளியை எடுக்கத் தெருவே குதித்தபோது, அவர் மட்டும் சட்டையைக் கழற்றி, மடித்து, கரையில் வைத்துவிட்டுக் குதித்தார்.

அவருக்கு இருந்த ஒரே கவலை மகள் தேன்மொழியின் கல்யாணம். மூன்று சம்பந்தம் ஏற்கெனவே தட்டிப் போயிருந்தது. "பெண்ணுக்குச் சமைக்கத் தெரியுமா?" என்று கேட்ட மாப்பிள்ளை வீட்டாரிடம், "அரிசி கொண்டு வந்திருக்கீங்களா?" என்று உலகநாதன் திருப்பிக் கேட்டால் தட்டாமல் என்ன செய்யும்?

நான்காவதாகத் தரகர் ஓர் இடம் கொண்டுவந்தார்.

"பையன் தங்கம். அவன் அப்பா கைலாசத்துக்கு மட்டும் வெயில் ஆகாது. சூட்டு உடம்பு. வாசல்ல நல்ல நிழல் இருந்தா உட்கார்ந்து பேசி முடிச்சுடுவார். இல்லேன்னா வந்த வண்டியைத் திருப்பிடுவார். அடுத்த மாசம் கூட்டிட்டு வரேன்."

உலகநாதன் வீட்டு வாசலில் பெரிய புங்க மரம் ஒன்று பந்தல் போட்ட மாதிரி நின்றது. அதன் அடியில் உட்கார்ந்துதான் எல்லோரும், நிழலுக்கு என்ன செய்யலாம் என்று யோசித்தார்கள்.

"இந்தப் புங்கை போதாதா?" என்றார் உலகநாதன்.

"நல்லாச் சொன்னீங்க, போங்க!" என்றாள் மனைவி வடிவாம்பாள். "வர்ற சம்பந்திக்குப் பழைய பாயை விரிப்பீங்களா? நிழல் மட்டும் பழசா இருக்கலாமா? இதுல உங்க தாத்தா காலத்து மாடெல்லாம் படுத்திருக்கு."

அதற்கு மேல் பேச ஒன்றுமில்லை. வடிவாம்பாளின் தம்பி கோதண்டம் மலைமேல் இருந்த நாற்றுப்பண்ணைக்குப் போய், முழங்கால் உயரச் செடி ஒன்றை மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் வந்து இறங்கினான்.

"அத்தான், இது பேரு ஹிக்கரி. சீமையில கொட்டை காய்க்கிற பெரிய மரம். பண்ணைக்காரர் சொன்னதை அப்படியே மனப்பாடம் பண்ணிட்டேன். வீட்டுக்கு முப்பதடி தள்ளி நடணும். நல்லா வெயில் படணும். வேர் ஆழமா இறங்குற ஜாதி, அதனால குழியை ஆழமா எடுத்து, அடிமண்ணை இளக்கி, தொழுவுரம் கலந்து வைக்கணும். தண்டும் வேரும் சேர்ற கழுத்துக்கு மேல மண் ஏறக் கூடாது."

நிலம் அளந்து ஓய்வு பெற்ற பங்காளி சிங்காரவேலுவைக் கூப்பிட்டார்கள். அவர் நாடா பிடித்தார். வீட்டுச் சுவரிலிருந்து மதில் வரைக்கும் இருபதடிதான் வந்தது.

"மதிலுக்கு அந்தப் பக்கம் நட்டுடலாமே?" என்றார் உலகநாதன்.

"அது தெரு. சம்பந்தியைத் தெருவில உட்கார வைக்கிறதா?" என்றாள் வடிவாம்பாள்.

சிங்காரவேலு நாடாவைச் சுருட்டினார். "மரத்தைத் தள்ள முடியாது. அப்போ வீட்டைத்தான் தள்ளணும்."

முன்னறையின் நீளம் சரியாகப் பத்தடி. கணக்கு இவ்வளவு சுத்தமாக வந்ததில் சிங்காரவேலுவுக்கு ஒரே பூரிப்பு. சாயங்காலத்துக்குள் அறையை இடித்து முடித்தார்கள். அங்கே மாட்டியிருந்த சாமி படங்களை வடிவாம்பாள் அடுப்படிக்குக் கொண்டு போனாள்.

மறுநாள் குழி வெட்டக் கடப்பாரையை எடுத்த கோதண்டம் அண்ணாந்து பார்த்தான்.

"அத்தான், இங்க எங்க வெயில் படுது? இந்தப் புங்கை மறைக்குதே!"

உலகநாதனுக்கு மனசு கேட்கவில்லை. "மரம் நடறதுக்கு மரத்தை வெட்டறதாடா?"

"என்ன அத்தான், உலகம் தெரியாம இருக்கீங்க! போன வருஷம் ரோட்டோரம் மரம் நடுற விழா நடந்துச்சே, அதுக்கு மேடை போட எத்தனை மரம் வெட்டினாங்க? அதுதானே முறை?"

முறை என்று வந்துவிட்டால் ஆமாங்குடியில் மறுபேச்சுக் கிடையாது. புங்கை சாய்ந்தது. மத்தியானம் வாசலில் கால் வைத்த எல்லோரும் பாதம் பொசுங்கித் துள்ளினார்கள். "ஆகா, வெயில் எவ்வளவு நல்லாப் படுது!" என்று ஒருவரையொருவர் பாராட்டிக்கொண்டார்கள்.

அடுத்து, குழி.

"ஆழம்னா எவ்வளவு ஆழம்?" என்று கேட்டார் சிங்காரவேலு.

"வேர் போற ஆழம்," என்றான் கோதண்டம்.

"செடிக்கு ஒரு சாண் வேர்தானேடா இருக்கு?" என்றார் உலகநாதன்.

"இன்னிக்கு ஒரு சாண். நாளைக்கு? வயசான காலத்துல அது தானே தோண்டிக்கிட்டுப் போகணுமா?" என்று பாய்ந்தாள் வடிவாம்பாள். "வீடு தேடி வந்த உயிரை இப்படியா கஷ்டப்படுத்துவீங்க?"

இரண்டு ஆள் ஆழத்துக்கு வெட்டினார்கள். செடியை இடுப்பில் கட்டிக்கொண்டு கோதண்டம் ஏணி வழியாக இறங்கினான். தொழுவுரம் கலந்து இரண்டு கூடை மண் போட்டதுமே, "போதும், போதும்! கழுத்து வந்துடுச்சு!" என்று கீழேயிருந்து கத்தினான். மிச்ச மண்ணையெல்லாம் வாசல் கேட்டுக்கு முன்னால் குவித்தார்கள்.

தினமும் உலகநாதன் குழியை எட்டிப் பார்த்துத் தண்ணீர் ஊற்றினார். அடியில் நாலு இலை தெரிந்தது. "சீக்கிரம் வளர்ந்துடு தாயே. என் பொண்ணு வாழ்க்கை உன் கையில இருக்கு," என்று குழிக்குள் சொல்லிவிட்டு வருவார்.

சொன்னபடி சம்பந்தி வந்தார். மத்தியானம் மூன்று மணி வெயில். மண்குவியல் மேல் ஏறி இறங்கி, "ஊர் கொஞ்சம் மலைப்பாங்குதான்," என்று மூச்சு வாங்கினார் கைலாசம். தலையில் துண்டு. வாசலோ தோசைக்கல் மாதிரி காய்ந்து கிடந்தது.

"தரகரே, நிழல் இருக்குன்னு சொன்னீரே, எங்கய்யா? வண்டியைத் திருப்பச் சொல்லும்!"

உலகநாதன் குழியைக் கை காட்டினார். "மரம்... கீழே இருக்குங்க," என்றார்.

கைலாசம் குழியை எட்டிப் பார்த்தார். ஏணியை ஒரு தரம் அசைத்துப் பார்த்தார். மளமளவென்று இறங்கினார். பிறகு அடியிலிருந்து, "ஆகாகா!" என்று ஒரு குரல் வந்தது.

எல்லோரும் பின்னாலேயே இறங்கினார்கள். செடிக்குப் பக்கத்தில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார் கைலாசம்.

"எத்தனையோ மரத்தடியில உட்கார்ந்திருக்கேன். இவ்வளவு சின்ன மரம் இவ்வளவு பெரிய நிழல் கொடுத்து இன்னிக்குத்தான் பார்க்கிறேன். தட்டை மாத்திடுவோம் சம்பந்தி!"

தாம்பூலத் தட்டு ஏணியில் இறங்கியது. உலகநாதனுக்குக் கண் கலங்கிவிட்டது.

"ஆனா ஒண்ணு," என்றார் கைலாசம். "கல்யாணம் இந்த நிழல்லதான் நடக்கணும்."

"குழியை அகலப்படுத்திடறோம்," என்றார் சிங்காரவேலு உடனே.

"அது சரி. மணவறை போடற இடத்துல, நடுவுல இந்தச் செடி இடிக்குமே?" என்றார் கைலாசம்.

எல்லோரும் செடியைப் பார்த்தார்கள். இதற்காகவா கல்யாணம் நிற்பது? உலகநாதன் நிதானமாகக் குனிந்து, அதைப் பிடுங்கி மேலே எறிந்தார். பிறகுதான் அவருக்குத் திக்கென்றது.

"நிழல் குறைஞ்சுதா பாருங்க!"

எல்லோரும் சுற்றுமுற்றும் பார்த்தார்கள். கைலாசம் தரையைத் தடவிக்கூடப் பார்த்தார்.

"துளி குறையலையே சம்பந்தி! சீமைச் சரக்குன்னா சீமைச் சரக்குதான். பிடுங்கின பிறகும் நிழல் நிக்குது பாருங்க!"