பானைக்குள் ஒரு திரும்புகாற்று

முன்னொரு காலத்தில் என்று கதையைத் தொடங்கினால், அந்த நாட்டில் "எந்தத் தடவை?" என்று கேட்பார்கள். அதற்குக் காரணம் திரும்புகாற்று. ஆடி மாதத்தில் மூங்கில் மலைக் கணவாய் வழியாக அது இறங்கி வரும். அது பட்ட இடத்தில் காலம் பின்னோக்கி நடக்கும். உறைந்த தயிர் பாலாகும். வடித்த சோறு அரிசியாகும். காலையில் சிரைத்துக்கொண்டவன் மாலையில் தாடியோடு நாவிதரிடம் சண்டைக்குப் போவான். ஈரத்துணியை மட்டும் அந்தக் காற்றால் தாண்ட முடியாது. ஆகவே ஆடி பிறந்ததும் வாசலுக்கும் தொட்டிலுக்கும் தயிர்ச்சட்டிக்கும் ஈரத்துணி கட்டிவிடுவார்கள்.

ஒரு நாள் அரசர் பாக்கைக் கடித்தபோது முன்பல் ஒன்று விழுந்துவிட்டது. கையில் கிடந்த பல்லை நெடுநேரம் பார்த்தார். பிறகு சபையைக் கூட்டினார்.

"எனக்கு இருபது வயது குறைய வேண்டும். திரும்புகாற்று எதற்கு இருக்கிறது?"

சபையில் மாணிக்கநம்பி எழுந்தார். அவர் அரசருக்கு முன்சுவை பார்ப்பவர். பாயசமோ பன்னீரோ, அரசரின் வாய்க்கும் மூக்குக்கும் போகும் எதையும் முதலில் அவர்தான் சுவைத்தும் முகர்ந்தும் பார்ப்பார். அந்த மரபை யாருக்கும் விட்டுத்தர மாட்டார். ஆனால் விகடகவி கொன்றையப்பன் வாயைத் திறந்தால் அரசர் பாயசத்தையே மறந்து சிரிப்பார். அதைச் சுவைத்தவரை யார் நினைப்பார்கள்? அந்த எரிச்சல் மாணிக்கநம்பிக்கு வெகுநாளாக உண்டு.

"அரசே, தாங்கள் மலைக்குப் போய் நின்றால் காற்று மிஞ்சி வீசித் தங்களைத் தொட்டில் பிள்ளையாக்கிவிடலாம். ஒரு பானை அளவு போதும், சரியாக இருபது வயது குறையும் என்கிறார்கள் வைத்தியர்கள். அதை அடைத்து வர நம் கொன்றையப்பனைவிடக் கெட்டிக்காரர் யார்? முடியாவிட்டால் அவருக்கு இந்த நாட்டில் என்ன வேலை?"

"நியாயம்தான். காற்றோடு வா, கொன்றையப்பா. இல்லையென்றால் எல்லையைத் தாண்டிப் போய்விடு" என்றார் அரசர். பல் போன துக்கத்தில் அவர் சிரிக்கவில்லை.

கொன்றையப்பன் ஈரக் கம்பளியைப் போர்த்திக்கொண்டு கணவாயில் நின்றான். பானையை மட்டும் வெளியே நீட்டினான். மூங்கில்கள் சலசலத்ததும் அதன் வாயில் ஈரத்துணி கட்டி, களிமண் பூசினான். உள்ளே காற்று வந்ததா, வெறும் பானைதானா, அவனுக்கே தெரியாது. திறந்து பார்க்கவும் வழியில்லை. சபையில் திறந்து ஒன்றும் நடக்காவிட்டால் வீடு, ஊர், பழகிய மனிதர்கள் எல்லாம் போய்விடும். இறங்கி வரும் வழியெல்லாம் அதையே யோசித்தான். பாதி வழியில், அதை முதலில் முகர வேண்டியவர் மாணிக்கநம்பி அல்லவா என்பது நினைவுக்கு வந்தது. அதன் பிறகு வேகமாக நடந்தான்.

பானையைச் சபை நடுவில் வைத்ததும் மாணிக்கநம்பி முறுவலித்தார்.

"பானை வந்துவிட்டது. காற்று வந்ததா என்று பார்ப்போமே. திறக்கட்டும்."

"திறக்கலாம் ஐயா. அரசர் முகரப்போகும் பொருள். மரபுப்படி முதல் மூச்சு உங்களுடையது. அருகே வாருங்கள்" என்றான் கொன்றையப்பன்.

மாணிக்கநம்பி ஓரடி வைத்தார். பிறகு நின்றார்.

"இருபது வருஷத்துக்கு முன் நீங்கள் யாராக இருந்தீர்களோ, எனக்குத் தெரியாது. இதோ சபையே பார்க்கப்போகிறது" என்று சொல்லிக்கொண்டே அவன் களிமண்ணைச் சுரண்டினான்.

"வேண்டாம்." மாணிக்கநம்பி பாய்ந்து வந்து இரண்டு கையாலும் பானையின் வாயைப் பொத்திக்கொண்டார்.

"ஏன்?" என்றார் அரசர்.

"அரசே... ஏழு தலைமுறையாக அரண்மனைக் குடும்பம் என்று சொல்லித்தான் வேலைக்குச் சேர்ந்தேன். இருபது வருஷத்துக்கு முன் நான் திருவிழாக்களில் பொய்க்கால் குதிரை ஆடிக்கொண்டிருந்தேன். இது பட்டால் இங்கேயே குதிக்க ஆரம்பித்துவிடுவேன்."

சபை வாயை மூடிக்கொண்டு குலுங்கியது. அரசருக்கோ இளமை ஆசை விடவில்லை.

"மரபு கிடக்கட்டும். நானே முகர்கிறேன். கொடு."

"தாராளமாக, அரசே. ஆனால் இருபது வருஷத்துக்கு முன் தங்களுக்குக் கல்யாணம் ஆகவில்லை. பெண் கேட்டு மூன்று முறை தூது போயிற்று என்று கேள்வி. மறுபடி முதலிலிருந்து போக வேண்டும்."

பக்கத்து ஆசனத்தில் வெற்றிலை மடித்துக்கொண்டிருந்த அரசி நிமிர்ந்தார்.

"கொடு, கொன்றையப்பா. நன்றாக முகரட்டும். இந்தத் தடவை நானும் நிதானமாக யோசித்துப் பதில் சொல்கிறேன்."

அரசர் அரசியைப் பார்த்தார். பானையைப் பார்த்தார். நீட்டிய கையை மெல்ல மடியில் வைத்துக்கொண்டார். பிறகு, பல் இல்லாத இடம் தெரிய, கண்ணில் நீர் வரும்வரை சிரித்தார். கழுத்திலிருந்த முத்துமாலையைக் கழற்றிக் கொன்றையப்பனுக்குப் போட்டார்.

"உண்மையைச் சொல். உள்ளே காற்று இருக்கிறதா?"

"தெரியாது, அரசே."

"தெரியாமலே இருக்கட்டும். மாணிக்கநம்பி, உம் வேலை உமக்கே. இந்த வருஷத் திருவிழாவில் குதிரை ஆட்டமும் உம்முடையது." பிறகு அரசர் நாளைய வேலையைச் சொன்னார்: "விடிந்ததும் இந்தப் பானையை மலைக் கணவாயில் கொண்டுபோய் வைக்க வேண்டும். மாணிக்கநம்பி சுமப்பார். துணி காயாமல் தண்ணீர் தெளித்தபடி கொன்றையப்பன் கூடப் போவான்."