வெள்ளி டம்ளரில் டீ குடித்த இன்ஸ்பெக்டர்

கொலைகாரனைப் பிடித்தவர் யார் என்று நெல்லிக்கரை ஊரில் யாரைக் கேட்டாலும் இன்ஸ்பெக்டர் தில்லைநாயகம் என்பார்கள். பதக்கத்துக்கே சிபாரிசு போன மனிதர், கேட்பானேன்! கதையைக் கேளுங்கள். கடைசியில் உங்களிடம் ஒரு கேள்வி இருக்கிறது. தப்பித்துக்கொள்ள முடியாது.

அந்த ஊரில் மகன்களை வெளிநாட்டுக்கு அனுப்பிவிட்டுத் தனியாக இருந்த அம்மாமார்கள் ஒவ்வொருவராகச் செத்தார்கள். கழுத்துச் சங்கிலியும் போயிருந்தது. முதல் வீட்டில் தில்லைநாயகம் "மாரடைப்பு" என்றார். சங்கிலி எங்கே என்று கேட்டதற்கு, "எங்கேயாவது கழட்டி வச்சிருப்பாங்க" என்றார். இரண்டாவது வீட்டில் பாத்திரம் தேய்க்கும் பெண்ணைப் பிடித்து உள்ளே தள்ளினார். அவள் சிறையில் இருக்கும்போதே மூன்றாவது அம்மா செத்துவிட்டாள். பெரிய மூளை!

மூன்றாவது வீட்டுக்கு அவரோடு போனவள் சப்-இன்ஸ்பெக்டர் பூங்கோதை. துப்பறிய வேண்டும் என்றுதான் போலீஸில் சேர்ந்தாள். இத்தனை வருஷமாக அவளுக்குக் கிடைத்ததோ தேர்த்திருவிழாவில் பெண்கள் வரிசையை ஒழுங்குபடுத்தும் வேலையும், மந்திரிக்குப் பூங்கொத்து நீட்டும் வேலையும். அந்த வீட்டு முன்னறையில், முக்காலியின் மேல் காபிக் கறையோடு இரண்டு வெள்ளி டம்ளர்கள் இருந்தன. கொடிப்பூ வேலைப்பாடு செய்த டம்ளர்கள்.

"சார், சிலிண்டர் கொண்டுவர்றவனுக்கு யாரும் வெள்ளி டம்ளர்ல காபி கொடுக்க மாட்டாங்க. வந்தவன் மரியாதைக்குரிய ஆளு. அதுவும் நல்ல காரியத்துக்கு வந்தவன்" என்றாள்.

"ஏம்மா, நீ துப்பறிய வந்தியா, பாத்திரம் எண்ண வந்தியா?" என்று தில்லைநாயகம் சிரித்தார். கூட வந்தவர்களும் சிரித்தார்கள். அவர் சிரித்தால் சிரிக்கத்தானே அவர்களுக்குச் சம்பளம்.

பிணம் கிடக்கிற வீடானாலும் அய்யா போனால் டீ வர வேண்டும். அது அந்த ஸ்டேஷனின் சம்பிரதாயம். பிளாஸ்கில் டீ வந்தது, கிளாஸ் வரவில்லை. பூங்கோதை கையை நீட்டித் தடுப்பதற்குள் ஒரு கான்ஸ்டபிள் அந்த இரண்டு டம்ளர்களையும் குழாயடியில் தேய்த்துக் கழுவிக்கொண்டு வந்துவிட்டார். அய்யா குடித்தார். சொல்லி வரவழைத்திருந்த பத்திரிகைக்காரர் அந்த நேரம் பார்த்துப் படம் எடுத்தார். மறுநாள் பேப்பரில், உதட்டில் கொடிப்பூ டம்ளரோடு, 'தீவிர யோசனையில் இன்ஸ்பெக்டர்'. அதைச் சட்டம் போட்டு ஸ்டேஷனில் மாட்டிக்கொண்டார்!

மகன் வெளிநாட்டில் இருக்கிற வீட்டுக்கு வருகிற நல்ல காரியம் கல்யாண வரன்தான் என்று கணக்குப் போட்டு, பூங்கோதை வீடு வீடாகப் போனாள். மகனுக்குப் பெண் பார்த்துக்கொண்டிருந்த அம்மாக்களிடமெல்லாம் சொன்னாள்: "வரன் கொண்டுவர்ற புது ஆள் வந்தா உபசாரம் பண்ணுங்க. ஜாதகம் எடுக்கப் போற சாக்குல பின்பக்கமா வெளியே வந்து ரெண்டு வாசலையும் தாழ் போட்டுட்டுக் கூப்பிடுங்க."

காந்திமதி என்ற அம்மாள் அப்படியே செய்தாள். உள்ளே மாட்டிக்கொண்டவன் குற்றாலிங்கம், கல்யாணத் தரகன். தெருவே கூடி நிற்க, பூங்கோதை அவன் பையைத் திறந்தாள். தூக்க மருந்துப் பொடி இருந்தது. செத்துப்போன மூன்றாவது அம்மாளின் சங்கிலியும், மகன் பெயர் பொறித்த டாலரோடு, அதிலேயே இருந்தது. காந்திமதியின் காபியிலும் அதே பொடி கலந்திருந்தது. எல்லாம் முடிந்த பிறகு தில்லைநாயகம் போட்டோகிராபரோடு ஜீப்பில் வந்து இறங்கினார்.

கைது செய்த பெருமை மட்டும் போதவில்லை அவருக்கு. துப்பறிந்த பெருமையும் வேண்டுமாம். தரகனின் கையில் அந்த டம்ளரைப் பிடிக்கவைத்து ரேகை எடுத்து, "மூன்றாவது வீட்டில் கிடைத்த ரேகை, இதை வைத்தே இவனைக் கண்டுபிடித்தேன்" என்று எழுதிவிட்டார். பதக்கத்துக்குச் சிபாரிசு போனது அதை நம்பித்தான்.

வழக்கு விசாரணைக்கு வந்தது. நீதிமன்ற வராந்தாவில் அவர் பூங்கோதையை ஓரமாக அழைத்தார். "இந்தா பாரும்மா, டம்ளரை யாரும் தொடலைன்னு சொல்லிரு. உன் புரமோஷன் ஃபைல் என் கிட்டதான் இருக்கு. உண்மையைப் பேசுறேன்னு கெளம்பினா கேஸ் உடைஞ்சு அவன் வெளிய வந்துருவான். அப்புறம் எவளாவது செத்தா அந்தப் பாவம் உன் தலையிலதான்."

பக்கத்து பெஞ்சில் இருந்த காந்திமதிக்கு அது கேட்டுவிட்டது. "அம்மாடி, அவன் வெளிய வந்தா மொதல்ல என் வீட்டுக்குத்தான் வருவான். அப்போ நான் எந்தக் கதவைத் தாழ் போட?" என்றாள்.

பூங்கோதை கூண்டில் ஏறினாள். தரகனின் வக்கீல் அவசரமே இல்லாமல் எழுந்தார். கையில் மடித்த பழைய பேப்பர் ஒன்று இருந்தது. "ரேகை எடுப்பதற்கு முன்னால் அந்த டம்ளரை யாராவது கழுவினார்களா, அம்மா?"

இப்போது நீங்கள் சொல்லுங்கள். 'கழுவினார்கள்' என்றால் அவள் பதவி உயர்வு போகும், கொலைகாரன் வெளியே வந்துவிடுவான் என்கிறார் இன்ஸ்பெக்டர், வந்தால் காந்திமதியின் உயிருக்கும் ஆபத்து. 'இல்லை' என்றால் பொய், ஆனால் கொலைகாரன் உள்ளே இருப்பானாம். பூங்கோதை எதைச் சொல்வது சரி?

*

'ஒரு உயிருக்காக ஒரு பொய் சொல்லலாமே' என்று உருகியவர்கள் அந்தப் பேப்பரை மறந்துவிட்டீர்கள். அவள் 'இல்லை' என்று சொல்லியிருந்தால் வக்கீல் அதை விரித்துக் காட்டியிருப்பார். அய்யாவின் உதட்டில் அதே கொடிப்பூ டம்ளர்! டம்ளர் விஷயத்தில் பொய் சொன்னவர்கள் சங்கிலியையும் தாங்களே வைத்திருப்பார்கள் என்று வழக்கு முழுவதும் நாறியிருக்கும், தரகன் கைவீசி நடந்திருப்பான். பூங்கோதை "கழுவினார்கள், இன்ஸ்பெக்டர் டீ குடிப்பதற்காக" என்றாள். டம்ளரை நீதிபதி ஒதுக்கிவிட்டார். தெரு பார்க்க எடுத்த சங்கிலியும் காந்திமதியின் சாட்சியும் நின்றன. தரகனுக்கு ஆயுள் தண்டனை. அந்தப் பொய் காக்க இருந்தது பதக்கத்தை மட்டும்தான். பதவி உயர்வு என்னவோ போனது, பூங்கோதையை வேறு ஊருக்குத் தூக்கி அடித்தார்கள். அங்கே அவளுக்கு 'டீ கொடுக்காத அம்மா' என்று பட்டப்பெயர். அவள் நிற்கிற வீட்டில், பிணத்தை எடுக்கும்வரை எந்த அய்யாவுக்கும் பச்சைத் தண்ணீர்கூடக் கிடையாது.