ஒரு பிடி மண்

முன்னொரு காலத்தில், யானைப் படைக்குப் பேர் போன ஒரு தேசத்தில், பெரிய ஏரியைச் சுற்றிப் பார்க்கப் போன மன்னரின் குதிரை, யாரோ மண் அள்ளிய பள்ளத்தில் கால் இடறிற்று. அவ்வளவுதான். "இனி ஏரி மண் அரசு மண்! சீட்டில்லாமல் மண் ஏற்றிய வண்டி அரண்மனைக்குச் சொந்தம்" என்று ஆணை பிறந்தது.

ஆணையை ஓலையில் எழுதியவர் அமைச்சர் நீதிவாணர். அய்யனாருக்கு மண்புரவி செய்யும்போது ஊரார் முதலில் ஒரு கைம்மண்ணை எடுத்துக் குயவரிடம் கொடுப்பது வழக்கம். அதற்குப் பிடிமண் என்று பெயர். புரவிக்கு அதுவே போதும் என்று எண்ணிய அமைச்சர், 'புரவி செய்ய ஒரு பிடி மண் சீட்டின்றி எடுக்கலாம்' என்று எழுதி முடித்தார். குதிரைக்கு ஒரு கால் செய்யவாவது அது காணுமா என்று அவர் யாரையும் கேட்கவில்லை.

குயவர் மாயழகு வேளாரின் வண்டி மூன்றாம் நாளே பிடிபட்டது. ஏழு தலைமுறையாக அய்யனாரின் முதல் புரவி அவர் வீட்டிலிருந்துதான் புறப்படும். மண்ணோடு வண்டியும் மாடுகளும் அரண்மனை முற்றத்தில் நின்றன.

"திருடினேன் என்று கையெழுத்திடும். வண்டியை விட்டுவிடுகிறோம்" என்றார் நீதிவாணர்.

வேளார் தலைப்பாகையை அவிழ்க்கவில்லை. "வண்டி போனா மரத்தை வெட்டி இன்னொண்ணு செஞ்சுக்கலாம் சாமி. பேரு போனா எந்த மரத்தை வெட்டுறது? சாமிக்கு எடுத்த மண்ணைத் திருட்டுன்னு என் கையால எழுத மாட்டேன்."

அவையில் இருந்த விகடகவி சொக்கநம்பி எழுந்தார். "மன்னா, இவர் சட்டத்தை மீறவே இல்லை."

நீதிவாணருக்கு உள்ளூர மகிழ்ச்சி. நம்பியை அவையைவிட்டு விரட்ட எத்தனை நாளாகக் காத்திருந்தார்! "அப்படியானால் நிரூபிக்கட்டும் மன்னா. ஆனால் ஓலையில் ஓர் எழுத்துக் கூட்டக்கூடாது, குறைக்கக்கூடாது. முடியாவிட்டால் நம்பி நாட்டைவிட்டே போகட்டும்."

மன்னரும் சரி என்றார். நமக்காக இந்த மனிதர் ஏன் தலையைக் கொடுக்கிறார் என்று வேளார் நம்பியையே பார்த்தார்.

மறுநாள் காலை அவை முற்றத்திலேயே கூடியது. மணியோசை கேட்டது. அரண்மனையின் பெண் யானை அசைந்து அசைந்து வந்து வண்டியருகே நின்றது. அதன் நிழலில் வண்டி, மாடு, மண் எல்லாம் மறைந்துபோயின. வேளார் தம்மையறியாமல் கைகூப்பினார்.

"அமைச்சர் பெருமானே, தாங்கள் தமிழ்க்கடல். ஆண் யானைக்கு என்ன பெயர்?" என்றார் நம்பி.

"களிறு. இதுகூடவா தெரியாது?"

"பெண் யானைக்கு?"

"பி..." நீதிவாணரின் வாய் அப்படியே நின்றது.

"சொல்லும்!" என்றார் மன்னர்.

"பிடி" என்றார் அமைச்சர், காற்றுப்போன குரலில்.

"சட்டம் தருவது ஒரு பிடி மண். இதோ பிடி, இதோ மண். எது கனம் என்று கண்ணுள்ளவர் சொல்லட்டும்."

"அது கைப்பிடி ஐயா, கைப்பிடி!"

"ஓலையில் 'கை' எங்கே இருக்கிறது? ஓர் எழுத்தும் கூட்டக்கூடாது என்றவர் தாங்கள்தானே? வேண்டுமானால் கையும் இருக்கிறது." நம்பி தும்பிக்கையைத் தொட்டுக் காட்டினார்.

நேற்றுவரை ஒரு குத்து மண்ணாக இருந்த சொல் இன்று மலைபோல் எழுந்து நிற்பதை வேளார் அண்ணாந்து பார்த்தார். மன்னரும் பார்த்தார், பிறகு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

"வேளாரே, நீர் குற்றமற்றவர். அது மட்டுமா? ஒரு பிடிக்கு இன்னும் இரண்டு வண்டி மண் குறைகிறதே! நீதிவாணரே, போய் அள்ளிக் கொண்டுவாரும்!"

அமைச்சர் முகம் சுண்டியது. வேளார் நிமிர்ந்து நின்று சொன்னார்: "வேண்டாம் மகாராசா. என் புரவிக்கு இவ்வளவு மண்ணு போதும். மிச்சம் ஏரியிலேயே கிடக்கட்டும். அது உங்க மண்ணு."

மன்னரின் சிரிப்பு நின்றது. ஆசனத்தைவிட்டு இறங்கி வந்தார். தம் தோளிலிருந்த பட்டுச் சால்வையை வேளாருக்குப் போர்த்தினார். கையிலிருந்த பொற்கடகத்தைக் கழற்றி நம்பிக்குப் பூட்டினார்.

"இந்தக் கடகத்தையாவது என் கையா, தும்பிக்கையா என்று பார்த்துப் போட்டீர்களே மன்னா!" என்றார் நம்பி. மன்னர் மறுபடியும் சிரிக்கத் தொடங்கினார். வேளாரின் வண்டி ஊர் எல்லையைத் தாண்டும்வரை அந்தச் சிரிப்பு ஓயவில்லையாம்.