தொப்பைமலை இறங்காத ஆறு

அசைநாட்டில் மலைகள் நடக்கும். மாதக்கணக்கில் படுத்துக் கிடக்கும். ஒருநாள் காலையில் எழுந்து, கொஞ்ச தூரம் நடந்து, வேறிடத்தில் உட்கார்ந்துகொள்ளும். கீழே வீடு இருக்கிறதா, வயல் இருக்கிறதா என்றெல்லாம் பார்க்காது.

ஒரு காலத்தில் அந்நாட்டார் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டுதான் தூங்கப் போவார்கள். வேங்கையர் என்ற புலவர் வந்த பிறகுதான் நிம்மதி வந்தது. நாற்பது வருஷம் அவர் மலைகள் பின்னாலேயே சுற்றினார். எந்த மலை எப்போது எழும், எழுவதற்கு முன் எப்படி முனகும், எந்தப் பக்கம் திரும்பும் என்று எல்லாவற்றையும் கண்டு எழுதினார். இப்போதெல்லாம் ஜனங்கள் பத்து நாள் முன்பே கூரையைப் பிரித்துக்கொண்டு, பாட்டுப் பாடியபடி இடம் மாறுகிறார்கள்.

“நீங்க தாலி கட்டினது எனக்கா, மலைக்கா?” என்று அவர் மனைவி ஒருமுறை கேட்டாள். பதில் சொல்வதற்கு முன் அவர் சற்று யோசித்தார். அதில்தான் அவளுக்குக் கோபம் தலைக்கேறியது.

ஒரு மலையைப் பற்றிக் கண்டறிந்ததை அந்த மலையின் விலாவிலேயே வெட்டி வைப்பது அங்கே வழக்கம். கீழே புலவரின் பெயர் இருக்கும். வெட்டிய வரி பொய்த்துப் போனால், அடுத்த பௌர்ணமிக்குப் புலவர் அவையோர் வந்து அவர் பெயரை எல்லா மலைகளிலிருந்தும் செதுக்கி எடுத்துவிடுவார்கள். அத்தோடு அவர் கதை முடிந்தது.

வேங்கையரின் வரிகளைப் பதினெட்டு வருஷமாகத் தன் கையால் வெட்டி வந்தவள் அவர் மாணவி கொற்றி. தொப்பைமலையில் அவள் வெட்டிய முதல் வரி இது: ‘தொப்பைமலை ஆற்றில் இறங்காது.’

ஒருநாள் விடிந்து பார்த்தால் தொப்பைமலை அக்கரையில் உட்கார்ந்திருந்தது.

கொற்றி வேங்கையர் வீட்டுக்கு ஓடினாள். அவர் கஞ்சி குடித்துக்கொண்டிருந்தார். பௌர்ணமிக்கு இன்னும் ஐந்து நாள் இருக்கிறது, படகில் போய் அந்த ஒரு வரியைச் செதுக்கி எடுத்துவிட்டால் யாருக்கும் தெரியாது என்று மூச்சு வாங்கச் சொன்னாள்.

“எந்தப் பக்கமா இறங்குச்சாம்?” என்றார் அவர்.

அவளுக்கு எரிச்சலாக வந்தது. “ஐயா, நாற்பது வருஷப் பாடு. ஒரு வரியால எல்லாம் போயிடும்.”

“சரி, உளியை எடுத்துக்கோ” என்று எழுந்தார். அப்போதுதான் அவளுக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

அக்கரையில் நல்ல கூட்டம். ஒருவர் அந்த வரியை உரக்கப் படிப்பதும், மற்றவர்கள் விழுந்து விழுந்து சிரிப்பதுமாக இருந்தார்கள். கொற்றிக்கு அவமானத்தில் காது சுட்டது. வரிக்குக் கீழே, கரித்துண்டால் கோணல்மாணலாக யாரோ எழுதியிருந்தார்கள். எழுதியவர் பக்கத்திலேயே நின்றார். சாத்தன் என்று பெயர், ஆடு மேய்ப்பவர். புலவரைக் கண்டதும் பதறிப்போய்த் தன் துண்டால் அதைத் துடைக்கப் போனார்.

வேங்கையர் அவர் கையைப் பிடித்துக்கொண்டு படித்தார்.

‘இறங்கியது. நான் பார்த்தேன். கடைசி ஆடு முதுகை விட்டு இறங்கும்வரை கரையில் நின்றது. பிறகுதான் தண்ணீரில் கால் வைத்தது.’

சாத்தனுக்குத் தைரியம் வந்தது. “முதுகு மேல ஓர் உயிர் இருந்தாலும் அதை நனைய விடாது பெரியவரே. பேசாம திரும்பிப் போயிடும். வருஷக்கணக்கா பார்க்கிறேன்.”

“ஐயா இருபத்திரண்டு தடவை பார்த்திருக்கார்” என்றாள் கொற்றி வெடுக்கென்று. “ஒரு தடவைகூட அது இறங்கலை.”

“எங்கே இருந்து பார்த்தீங்க?” என்று சாத்தன் பணிவாகத்தான் கேட்டார்.

வேங்கையர் தாடியைச் சொறிந்தார். ஆற்றைப் பார்த்தார், மலையைப் பார்த்தார்.

“அது முதுகுல உட்கார்ந்து” என்றார்.

முதலில் சிரித்தது அவர்தான். கண்ணில் நீர் வரும்வரை சிரித்தார். கூட்டமும் சேர்ந்துகொண்டது. சிரிக்கவே கூடாது என்று உதட்டைக் கடித்துக்கொண்டிருந்த கொற்றியும் கடைசியில் சிரித்துவிட்டாள்.

பிறகு, வந்த காரியம் நினைவுக்கு வந்து, பழைய வரியின்மேல் உளியை வைத்தாள். வேங்கையர் கையை நீட்டி அதை வாங்கினார். வாங்கி, சாத்தனிடம் கொடுத்தார்.

“கரி ஒரு மழைக்குத் தாங்காது தம்பி. இதால வெட்டுங்க.”

கொற்றி பழைய வரியைக் காட்டினாள். “மேல இருக்கிற வரி, ஐயா?”

“அது இருக்கட்டும்.”

“இருந்தா உங்க பேரை எடுத்துடுவாங்க. எல்லா மலையிலேயும்.”

“பேரை எடுத்துட்டுப் போகட்டும். வரி இருக்கணும்” என்றார் வேங்கையர். “இவர் எதுக்குப் பதில் சொல்றார்னு படிக்கிறவங்களுக்குத் தெரிய வேண்டாமா?”